யவனர் கலமும் ரோமின் பெயரும்

(கீழ்பென்னாத்தூரில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



ஏரியும் கிணறும் பார்த்து வாழும் ஊரில் கடற்படை பற்றிப் பேச வந்திருக்கிறேன். தலைப்பைக் கேட்டதும் சிலருக்கு வியப்பாக இருந்திருக்கும். நம் ஊர் வழியே போகிற சாலை கிழக்கே செஞ்சி, திண்டிவனம் என்று போகிறது. அங்கிருந்து புதுச்சேரி. புதுச்சேரிக்குத் தெற்கே, அரியாங்குப்பம் ஆற்றங்கரையில் அரிக்கமேடு. 1945-இல் தொல்லியலாளர் மார்ட்டிமர் வீலர் அங்கே தோண்டியபோது இத்தாலியில் வனைந்த சிவப்பு மெருகுப் பாண்டங்களும், மது வந்த இருகைப்பிடிச் சாடிகளும் கிடைத்தன. அன்று முதல் பாடநூல்களில் "ரோமானிய வணிகம்" என்ற சொல் நிலைத்துவிட்டது. அந்த மதுச்சாடிகளைப் பின்னாளில் எலிசபெத் வில் என்ற அறிஞர் ஆராய்ந்தார். அவற்றில் பெரும்பங்கு ஏஜியன் கடலின் கோஸ் தீவுப் பாணியைச் சேர்ந்தவை என்றார். கோஸ் கிரேக்கத் தீவு. ஆட்சி ரோமினுடையது, மது கிரேக்கருடையது. அப்படியானால் கப்பல் யாருடையது? அதை ஓட்டியவர் யார்? ஓட்டக் கற்றுக்கொடுத்தவர் யார்? இன்றைய பேச்சு முழுவதும் இந்தக் கேள்விகளின் பின்னால்தான் போகப்போகிறது.

முதலில் ரோமுக்குப் போவோம். கி.மு. 264-இல் ரோம் இத்தாலியத் தீபகற்பத்தின் பெரும்பகுதியை ஆண்டது. அதன் பலம் காலாட்படை. ஆப்பிரிக்கக் கரையின் கடல்வல்லரசான கார்த்தேஜோடு போர் மூண்டு, சிசிலித் தீவின் மெஸ்ஸானா நகருக்குப் படையைக் கொண்டுசேர்க்க வேண்டிய நெருக்கடி வந்தது. நடுவில் ஒரு குறுகிய நீரிணைதான். அதைக் கடக்கவே ரோமர்கள் தாரெந்தம், லோக்ரி, எலியா, நேப்பிள்ஸ் ஆகிய ஊர்களிடம் கப்பல் இரவல் வாங்கினார்கள். இந்த நான்கும் தென்னித்தாலியில் கிரேக்கர் குடியேறி எழுப்பிய துறைமுக நகரங்கள். இச்செய்தியைச் சொல்பவர் பொலிபியஸ். அவரும் கிரேக்கர், மெகலோபோலிஸ் நகரத்துக்காரர். கி.மு. 167-இல் ஆயிரம் பேரோடு பிணையாளாக ரோமுக்குக் கொண்டுபோகப்பட்டவர். தம்மைச் சிறைவைத்த நாட்டின் எழுச்சியை நேர்மையாக எழுத முயன்ற அந்த மனிதர்மேல் எனக்குப் பெரிய மரியாதை உண்டு. ரோமிடம் கப்பலே இல்லாதது போல அவர் எழுதுவது மட்டும் கொஞ்சம் மிகை. கி.மு. 311-லேயே கப்பல்களைக் கவனிக்க ரோம் இரண்டு அதிகாரிகளை அமர்த்தியிருந்தது. கி.மு. 282-இல் தாரெந்தத்து மக்கள் ரோமின் சில கப்பல்களைத் தாக்கி மூழ்கடித்த கதையும் உண்டு. சிறு கப்பல்கள் இருந்தன. பெருங்கடற்படை இல்லை.

கி.மு. 261-இல் ரோம் துணிந்தது. நூறு குவின்குரீம்களும் இருபது டிரைரீம்களும் கட்டுவது என்று முடிவு. டிரைரீம் என்பது மூன்று அடுக்காகத் துடுப்புப் போடும் பழைய கிரேக்கப் போர்க்கப்பல். குவின்குரீம் அதைவிடப் பெரியது. முந்நூறு பேர் துடுப்பு வலிக்க வேண்டும். நூறு கப்பலென்றால் முப்பதாயிரம் பேர். உழவும் வாளும் தெரிந்த அத்தனை பேரை எங்கிருந்து துடுப்பாளி ஆக்குவது? கரையில் பலகைகளை வரிசையாகப் போட்டு, அவற்றில் ஆட்களை உட்காரவைத்து, நடுவில் ஒருவர் நின்று குரல் கொடுக்க, எல்லோரும் ஒன்றாகப் பின்சாய்ந்து முன்குனியப் பழக்கினார்கள். களத்துமேட்டில் நின்று நீச்சல் பழகுவதைப் போன்ற இந்தக் காட்சியைப் பொலிபியஸ் பரிவோடு எழுதியிருக்கிறார்.

இத்தாலியத் தச்சர்களுக்குக் குவின்குரீம் கட்டிப் பழக்கமில்லை. கரைதட்டி நின்ற கார்த்தேஜ் கப்பல் ஒன்று கையில் சிக்கியது; அதைப் பார்த்தே கட்டினார்கள் என்பது கதை. எதிரியிடமிருந்து படித்தார்கள் என்று இதை எல்லோரும் மேற்கோள் காட்டுவார்கள். ஆனால் அந்தக் கப்பல் வகையை முதலில் கட்டச் செய்தவன் சிராகூஸ் நகரத்து ஆட்சியாளன் முதலாம் டையோனிசியஸ் என்று வரலாற்றாசிரியர் டியோடோரஸ் எழுதுகிறார். காலம் கி.மு. 399. சிராகூஸ் சிசிலியின் மிகப் பெரிய கிரேக்க நகரம். ஆக, கார்த்தேஜின் கப்பலைப் பார்த்துக் கட்டிய ரோமுக்கு முன்னால் நின்றதும் கிரேக்கர் பட்டறையில் பிறந்த உருவம்தான். அந்த நேரத்தில் சிராகூஸை ஆண்ட இரண்டாம் ஹியரோன் கி.மு. 263 முதல் ரோமின் நண்பன். தானியமும் பொருளும் துறைமுகமும் அவனிடமிருந்து கிடைத்தன. தென்னித்தாலியக் கிரேக்க நகரங்கள் ரோமுக்குத் தரைப்படை அனுப்பத் தேவையில்லை; கப்பலும் மாலுமியும் தர வேண்டும் என்பதே உடன்படிக்கை. தச்சு, சுக்கான், துறையறிவு எல்லாம் அந்த வாசல் வழியாகத்தான் ரோமுக்குள் வந்தன.

கி.மு. 260-இல் மைலே என்ற இடத்தில் டுயிலியஸ் தலைமையில் ரோம் முதல் பெரிய கடல்வெற்றி பெற்றது. எதிரிக் கப்பல்மேல் விழுந்து கொத்திப்பிடிக்கும் கூர்முனைப் பாலத்தைப் போட்டு, காலாட்களை அந்தப் பாலம் வழியே பாயவிட்டார்கள். அந்த யோசனையைச் சொன்னவர் பெயரைப் பொலிபியஸ் தரவில்லை. பெயரில்லாத இத்தகைய ஆட்களை நினைவில் வையுங்கள். பின்னால் இவர்களைப் பற்றித்தான் பேசப்போகிறேன்.

என் மனத்தை மிகவும் உலுக்கிய நிகழ்ச்சி வெற்றியில் இல்லை. கி.மு. 255-இல் நடந்தது அது. ஆப்பிரிக்கக் கரையிலிருந்து 364 கப்பல்கள் திரும்பிக்கொண்டிருந்தன. சிசிலியின் தென்கரையை ஒட்டிப் போக வேண்டாம் என்று மாலுமிகள் தளபதிகளிடம் மன்றாடினார்கள். அந்தக் கரையில் ஒதுங்கத் துறையில்லை. ஓரையன் விண்மீன் கூட்டமும் சிரியஸ் விண்மீனும் உதிக்கும் காலங்களுக்கு நடுவிலுள்ள அந்தப் பருவம் ஆபத்தானது என்று காரணமும் சொன்னார்கள். தளபதிகள் கேட்கவில்லை. வழியிலுள்ள ஊர்களுக்குத் தங்கள் வெற்றியைக் காட்டிப் பணியவைக்க வேண்டும் என்ற ஆசை. கமரினா அருகே புயல் பிடித்தது. மிஞ்சியவை 80 கப்பல்கள். ஒரு கப்பலுக்கு முந்நூறு துடுப்பாளிகள் என்று வைத்துக்கொண்டு நீங்களே கணக்குப் போட்டுப் பாருங்கள். எல்லாவற்றையும் வலிமையால் சாதித்துவிடலாம் என்ற ரோமரின் இயல்பையே பொலிபியஸ் இங்கே குறை சொல்கிறார். மனிதரோடு மோதும்போது அது பலிக்கும், கடலோடும் காற்றோடும் மோதினால் பலிக்காது என்பது அவர் வாதம். பாய்மரப் படகில் போன எந்தத் தலைமுறைக்கும் இது தெரியும். மாலுமியின் அறிவை விலைக்கு வாங்கிவிடலாம். அவன் சொல்லைக் கேட்கும் பழக்கம் அவ்வளவு எளிதாக வருவதில்லை. அந்தப் பழக்கம் வர ரோமுக்கு இன்னும் பல கப்பல்கள் மூழ்க வேண்டியிருந்தது.

கார்த்தேஜோடு நடந்த அந்தப் போர் முடிந்தது கி.மு. 241-இல். அரசுக் கருவூலம் காலியாகி, செல்வர்கள் தங்கள் பணத்தில் 200 கப்பல் கட்டிக்கொடுத்தார்கள். ஏகேட்ஸ் தீவுகளருகே கார்த்தேஜ் தோற்றது. அந்த இடத்தில் கடலடியிலிருந்து வெண்கலக் கப்பல்முனைகளை 2004-க்குப் பிறகு ஆய்வாளர்கள் ஒவ்வொன்றாக எடுத்துவருகிறார்கள்.

இனி ரோட்ஸ் தீவைப் பற்றிச் சொல்ல வேண்டும். கிரேக்கக் கடலறிவின் மாணிக்கம் அந்தத் தீவு. கி.மு. 190-இல் சிரியாவின் அந்தியோக்கஸ் மன்னனோடு ரோம் போரிட்டபோது ரோட்ஸ் மக்களின் கப்பல்களே பெருந்துணை. அவனுக்காகக் கடலில் வந்த கார்த்தேஜ் தளபதி ஹன்னிபாலையே அவர்கள் தோற்கடித்தார்கள். இவ்வளவு உதவியும் வாங்கிக்கொண்ட ரோம், பின்னர் ஓர் அரசியல் வருத்தத்தைச் சாக்காக வைத்து கி.மு. 166-இல் டெலோஸ் தீவை வரியில்லாத் துறைமுகமாக அறிவித்தது. வணிகர் கூட்டம் டெலோஸுக்குப் போய்விட்டது. ரோட்ஸின் ஆண்டுத் துறைமுக வருமானம் பத்து இலட்சம் திராக்மாவிலிருந்து ஒன்றரை இலட்சமாக விழுந்தது என்று அந்நாட்டுத் தூதர்கள் முறையிட்டார்கள். கடற்கொள்ளையரை அடக்கிவந்தது ரோட்ஸின் ரோந்துக் கப்பல்கள்தான். அவை ஓய்ந்ததும் கொள்ளையர் பெருகினார்கள். ரோமுக்குப் போகும் தானியமே நின்றுபோகும் நிலை வந்து, கி.மு. 67-இல் தளபதி பாம்பேயிடம் கடல் முழுவதற்கும் அதிகாரம் கொடுக்க வேண்டியதாயிற்று. ஆசானின் வயிற்றில் அடித்தால் மாணவன் வீட்டு அடுப்பும் அணையும் என்பதை ரோம் நூறாண்டு கழித்து உணர்ந்தது.

ஆனால் ரோட்ஸின் சட்டம் சாகவில்லை. புயலில் கப்பலைக் காப்பாற்ற ஒருவருடைய சரக்கைக் கடலில் எறிய நேர்ந்தால், அந்த இழப்பைக் கப்பல்காரரும் சரக்கு தப்பிய மற்ற எல்லோரும் பகிர்ந்துகொள்ள வேண்டும். ரோமானியச் சட்டத் தொகுப்பில் இது ரோட்ஸின் பெயரோடேயே இடம்பெற்றது. உலகக் கப்பல் வணிகம் இன்றும் இதைப் பின்பற்றுகிறது. இந்தியாவின் 1963-ஆம் ஆண்டுக் கடல் காப்பீட்டுச் சட்டத்திலும் இந்த முறை இருக்கிறது. சென்னைத் துறைமுகத்தில் சரக்கு ஏற்றும் வியாபாரி ஒருவர், ரோட்ஸ் எங்கே இருக்கிறது என்று அறியாமலே அதன் நிழலில் தொழில் செய்கிறார்.

கி.மு. 31-இல் ஆக்டியம் கடற்போரில் தோற்றபின், மறு ஆண்டில் எகிப்தின் கிரேக்க அரச மரபு வீழ்ந்தது. மத்தியதரைக் கடல் முழுவதும் ரோமின் கீழ் வந்தது. மிசேனம், ரவென்னா என்ற இரு இடங்களில் நிலையான கடற்படைத் தளங்கள் அமைந்தன. கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் எகிப்தின் ஃபையூம் பகுதியிலிருந்து அபியோன் என்ற இளைஞன் மிசேனத்தில் படையில் சேர்ந்தான். அவன் தன் தந்தை எபிமாக்கஸுக்கு எழுதிய கடிதம் பாப்பிரஸ் தாளில் நமக்குக் கிடைத்திருக்கிறது. கடலில் ஆபத்து நேர்ந்தபோது செராபிஸ் கடவுள் காப்பாற்றினார் என்கிறான். வழிச்செலவுக்கு மூன்று பொற்காசு கிடைத்ததாம். அப்பா தனக்கு நல்ல கல்வி கொடுத்ததால் விரைவில் உயர்வு வரும் என்று நம்புகிறான். தன் படத்தை வரையச் செய்து அனுப்புகிறான். கடைசியில் ஒரு செய்தி: இப்போது தன் பெயர் அந்தோனியஸ் மாக்சிமஸ் என்கிறான். கடிதம் முழுவதும் கிரேக்க மொழி. ஏறிய கப்பலின் பெயரும் அத்தெனோனிகே என்ற கிரேக்கப் பெயர். பெயர்ப்பட்டியலில் மட்டும் ரோமானியன். மகன் பிழைத்திருக்கிறான் என்று படித்த அந்தத் தந்தை, புதுப்பெயரை எப்படி உச்சரித்துப் பார்த்திருப்பார் என்று எண்ணிக்கொள்வேன்.

இதே செராபிஸ் கடவுள் நம் மிளகோடும் சேர்ந்து நிற்கிறார். செங்கடல் கரையில் பெரெனிகே என்ற எகிப்தியத் துறைமுகம். அங்குள்ள செராபிஸ் கோயிலின் முற்றத்தரையில், இந்தியாவில் வனைந்த பெரிய சாடி ஒன்றில் ஏழரைக் கிலோ கருமிளகு கிடைத்தது. நம் மேற்குமலை மிளகு. அவ்வூரிலேயே தமிழ் பிராமி எழுத்துப் பொறித்த பானை ஓடும் கிடைத்திருக்கிறது. இந்தியத் தேக்குமரமும் கிடைத்திருக்கிறது.

எகிப்தை ரோம் பிடித்த சில ஆண்டுகளில், மியோஸ் ஹோர்மோஸ் துறையிலிருந்து ஆண்டுக்கு 120 கப்பல் இந்தியாவுக்குப் போவதைக் கிரேக்கப் புவியியலாளர் ஸ்ட்ராபோ கேட்டறிந்து எழுதினார். முந்தைய கிரேக்க அரசர் காலத்தில் இருபதுகூடப் போகவில்லை என்கிறார். ரோம் கொண்டுவந்த அமைதியும் பணமும் இந்தப் பெருக்கத்துக்குக் காரணம். அதை மறுக்கக் கூடாது. ஆனால் கப்பலுக்குள் ஏறிப் பாருங்கள். நம் துறைகளை வரிசையாகச் சொல்லும் செங்கடல் பயணக் கையேட்டை எழுதியவர் எகிப்தில் வாழ்ந்த கிரேக்க வணிகர். எழுதிய மொழி கிரேக்கம். வியன்னாவில் உள்ள முசிறிப் பாப்பிரஸ் 1985-இல் வெளியிடப்பட்டது. கி.பி. இரண்டாம் நூற்றாண்டுக் கடன் ஒப்பந்தம் அது. சேரநாட்டுத் துறைமுகமான முசிறியிலிருந்து போன கப்பலின் பெயர் ஹெர்மாபொல்லோன். ஹெர்மிஸ், அப்பொல்லோ என்ற இரு கிரேக்கக் கடவுளரின் பெயர்ச் சேர்க்கை. கங்கைக் கரை நறுமணத் தைலப் பொருளும் தந்தமும் ஏறிய சரக்கின் மதிப்பு ஏறக்குறைய எழுபது இலட்சம் செஸ்டர்ஸ். செங்கடலிலிருந்து ஒட்டகத்தில் கோப்தோஸ், அங்கிருந்து நைல் ஆற்றுவழியே அலெக்சாந்திரியா. அங்கே அரசு எடுத்துக்கொண்டது நாலில் ஒரு பங்கு. அந்த நாலில் ஒரு பங்குதான் ரோம். மிச்சமெல்லாம் கிரேக்கர், எகிப்தியர், யூதர், அரபியர், பல்மைரா வணிகர், நம் நாட்டார் எனப் பல கைகளின் உழைப்பு.

நம் பக்கத்துச் சான்றுகளும் சும்மா இல்லை. அகநானூற்றில் எருக்காட்டூர்த் தாயங்கண்ணனார் முசிறிக்கு யவனர் எனப்பட்ட மேலைநாட்டாரின் கலம் பொன்னோடு வந்து மிளகோடு மீள்வதைப் பாடினார். இது பலருக்கும் தெரியும். பதிற்றுப்பத்தின் இரண்டாம் பத்துப் பதிகம் சொல்வதைப் பலர் கவனிப்பதில்லை. இமயவரம்பன் நெடுஞ்சேரலாதன் யவனரைப் பிடித்து, கையைப் பின்னால் கட்டி, தலையில் நெய்யூற்றி, விலையுயர்ந்த பொருளைப் பறித்தான் என்கிறது அது. வணிக உறவு எப்போதும் புன்னகையோடு நடக்கவில்லை. முசிறிக்கு அருகே கொள்ளையர் உண்டு, அதனால் கப்பலில் வில்லாளர்கள் வருகிறார்கள் என்று ரோமானிய எழுத்தாளர் பிளினியும் எழுதினார். இராமநாதபுரம் மாவட்டம் அழகன்குளத்தில் கிடைத்த ஓட்டுச்சில்லில் யாரோ ஒருவர் மூன்று பாய்மரக் கப்பல் ஒன்றைக் கீறியிருக்கிறார். பழங்காலக் கப்பல் அறிஞர் லயனல் காசன் அதைக் கிரேக்க-ரோமானியப் பெருங்கப்பல் வகை என்று அடையாளம் கண்டார். கரையில் நின்று நன்றாகப் பார்த்த கண்ணுக்குத்தான் அந்தக் கோடுகள் வரும்.

அப்படியானால் எல்லாப் புகழும் கிரேக்கருக்கா? அங்கேயும் ஒரு படி கீழே இறங்க வேண்டும். கி.மு. 118-ஐ ஒட்டிய காலத்தில் நடந்ததாகக் கிரேக்க அறிஞர் பொசிடோனியஸ் சொன்னதை ஸ்ட்ராபோ எழுதிவைத்திருக்கிறார். செங்கடலில் காவலர்கள் ஒரு கப்பலைக் கண்டார்கள். உள்ளே உயிர் ஊசலாட ஓர் இந்தியர் மட்டும். கூட வந்தவர்கள் பட்டினியால் இறந்துவிட்டார்கள். அவரை அலெக்சாந்திரியாவுக்குக் கொண்டுபோய், தேற்றி, கிரேக்கம் கற்பித்தார்கள். இந்தியாவுக்கு வழிகாட்டுவதாக அவர் ஒப்புக்கொண்டார். அவரோடு போனவர் சைசிக்கஸ் நகரத்து யூடோக்சஸ். மணப்பொருளும் இரத்தினமும் ஏற்றித் திரும்பினார். ஸ்ட்ராபோ இந்தக் கதையின் சில பகுதிகளை ஐயுறுகிறார் என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஆனால் பருவக்காற்று கிரேக்கருக்கு முன்பே நம் கடலோரத்தாருக்கும் அரபியருக்கும் தெரிந்திருந்தது என்பதில் எனக்கு ஐயமில்லை. கோடையின் நடுவில் புறப்பட்டு, அரபுக் கரை முனையிலிருந்து நாற்பது நாளில் முசிறி சேர்ந்து, மார்கழி வாக்கில் திரும்பும் அந்தக் கணக்கு, இந்தக் கடலில் தலைமுறை தலைமுறையாகப் போய்வந்தவர்கள் போட்ட கணக்கு. பிறகு அந்தக் காற்றுக்கே ஹிப்பலஸ் என்று ஒரு கிரேக்கரின் பெயர் ஏறியது. யூடோக்சஸுக்கு வழிகாட்டிய இந்தியரின் பெயர் எந்த ஏட்டிலும் இல்லை.

இங்கேதான் நம் மாவட்டத்தை நினைக்கிறேன். செங்கம் பகுதியின் எடுத்தனூரில் ஒரு நடுகல் இருக்கிறது. மகேந்திரவர்ம பல்லவனின் 34-ஆம் ஆட்சியாண்டு. எருமை மந்தையைக் காக்கப் போய் இறந்த வீரனின் பெயர் அதில் உண்டு. அவனுடைய நாயின் பெயரும் உண்டு: கோவிவன். அந்த நாய் இரண்டு கள்வரைக் கடித்து நின்ற செய்தியையும் கல்லில் வெட்டினார்கள். மந்தை காத்த நாயின் பெயரை மறக்காத மண் இது. அந்த மரபில் வந்த நாம் வரலாறு எழுதும்போது, கப்பல் கட்டியவன், சுக்கான் பிடித்தவன், காற்றுக் கணக்குச் சொன்னவன் இவர்களைத் தேடாமல் பேரரசின் பெயரோடு நின்றுவிடலாமா?

இந்தக் கேள்வியை ரோமிடம் மட்டும் கேட்டால் நியாயமாகாது. 1025-இல் இராசேந்திர சோழன் கடாரம் வென்றான். அவன் மெய்க்கீர்த்தி பிடித்த ஊர்களைப் பெயர்பெயராக அடுக்குகிறது: பண்ணை, மலையூர், இலங்காசோகம், தலைத்தக்கோலம், மாநக்கவாரம். கப்பல் கட்டிய தச்சரோ வழிகாட்டிய மாலுமியோ அதில் வரவில்லை. அந்தக் கடல்வழி அரசனுக்கு முன்பே வணிகருக்குத் தெரிந்த வழி. 1006-ஐ ஒட்டியே, கடாரத்தையும் ஆண்ட ஸ்ரீவிசய அரசன் நாகப்பட்டினத்தில் பௌத்த விகாரை எழுப்பியிருக்கிறான் என்றால், மலாய் மாலுமிகளும் நம் மாலுமிகளும் ஒரே துறையில் பழகியிருக்கிறார்கள். யாரிடமிருந்து யார் என்ன கற்றார்கள்? சோழரின் கடற்படை பெரும்பாலும் வணிகக் குழுக்களின் கலங்களையும் ஆட்களையும் கொண்டே திரண்டிருக்கும் என்பது என் கருத்து. சுமத்திராவின் பாருஸ் அருகே கிடைத்த 1088-ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு ஐந்நூற்றுவர் வணிகக் குழுவினுடையது. கரையேறுமுன் கட்ட வேண்டிய தொகையைச் சொல்லும் அதில் மரக்கல நாயன் வருகிறான். அரசனின் மெய்க்கீர்த்தியில் இடம் கிடைக்காத கப்பல் தலைவனுக்கு, வணிகரின் கல்வெட்டில் இடம் கிடைத்திருக்கிறது.

மாணவர்களே, உங்களிடம் ஒரு வேலையை ஒப்படைக்க விரும்புகிறேன். தூத்துக்குடியிலும் கடலூரிலும் மரப்படகு கட்டும் ஓடாவிகள் இன்னும் இருக்கிறார்கள். தூத்துக்குடித் தோணிகளில் தலைமை ஏற்றுப் போன தண்டல்கள் சிலரும் வயதாகி வீட்டில் இருக்கிறார்கள். விடுமுறையில் அவர்களிடம் போங்கள். எந்த மரத்தை எந்தப் பகுதிக்கு வைப்பார்கள், எந்த மாதத்துக் காற்றில் கொழும்புக்குப் பாய் விரிப்பார்கள், அதை யாரிடம் கற்றார்கள் என்று கேளுங்கள். சொல்பவரின் பெயரையும் ஊரையும் முதல் வரியில் எழுதிவிட்டு, பிறகு அவர் சொன்னதை எழுதுங்கள்.